பெட்டிக்குள் ஒரு சமன்பாடு

நுழையும்முன்

தமிழில் கணிதம் எழுதுவோருக்கு இருவகை எழுத்துகள் ஒரே தாளில் தேவைப்படுகின்றன. ஒன்று தமிழெழுத்து; மற்றொன்று கணிதக் குறியீடு. ஒருங்குறி பரவுவதற்கு முந்திய கணிப்பொறிகளில் இவ்விரண்டும் எவ்வாறு ஒன்றாக வாழ்ந்தன? அவ்வாறு உருவான கோப்புகளின் சமன்பாடுகள் இன்று ஏன் திறக்க மறுக்கின்றன? சேர்வராயன் மலைப்பள்ளிகளின் சூழலை முன்னிறுத்தி இவ்வினாக்களுக்கு விடை தேடுகிறது இக்கட்டுரை.

ஒரு வரியில் அடங்காத எழுத்து

உரைநடை இடமிருந்து வலமாக ஒரே கோட்டில் செல்லும். கணிதம் அவ்வாறு செல்வதில்லை. பின்னம் கோட்டுக்கு மேலும் கீழும் இடம் கேட்கிறது. அடுக்கெண் மேலே ஏறிச் சிறுத்து நிற்கிறது. வர்க்கமூலக் குறி தனக்குக் கீழுள்ள கோவையின் நீளத்திற்கேற்பத் தன் கூரையை நீட்டிக்கொள்கிறது. தொகையீட்டுக் குறியோ தன் எல்லைகளை உச்சியிலும் அடியிலும் சுமந்து நிற்கிறது.

இந்த ஏற்ற இறக்கம் அழகுக்காக அமைந்ததன்று. பொருளே அதில்தான் அடங்கியுள்ளது. 2¹⁰ என்பதன் மதிப்பு 1024. அடுக்கெண் ஒரு படி இறங்கிவிட்டால் அது 210 ஆகிவிடும். 1 + 2 என்பதைக் கோட்டுக்கு மேலும் 3 என்பதைக் கோட்டுக்குக் கீழும் எழுதினால் மதிப்பு 1. அதனையே 1 + 2/3 என்று ஒரே வரியில் தட்டச்சு செய்தால் மதிப்பு ஒன்றே மூன்றில் இரண்டாகிறது. வினாத்தாளில் இத்தகைய பிழை நேரும்போது அதற்குரிய தண்டனையைப் பெறுபவர் பெரும்பாலும் தட்டச்சு செய்தவர் அல்லர், தேர்வெழுதும் மாணவரே.

தமிழ்த் தட்டச்சுப்பொறியில் வர்க்கமூலக் குறி இல்லை. தொகையீட்டுக் குறி இல்லை. கிரேக்க எழுத்துகளும் இல்லை. எனவே, சைக்ளோஸ்டைல் காலத்துக் கணித வினாத்தாள் இரு கட்டங்களாக உருவாயிற்று. முதலில் மெழுகுத்தாளில் தமிழ்ச் சொற்களைத் தட்டச்சு செய்து, கணிதக் கோவைகளுக்கு இடம் விட்டுவைப்பர். பின்னர்க் கணித ஆசிரியர் கூர்முனைக் கோல் கொண்டு அவ்விடங்களில் கோவைகளைக் கீறி எழுதுவார். சற்றே அழுத்தினால் தாள் கிழியும். அழுத்தாவிட்டால் மை இறங்காது. எங்கள் தலைமுறையினர் எழுதிய தேர்வுகள் பலவற்றில் சொற்கள் அச்சிலும் சூத்திரங்கள் கையெழுத்திலும் இருந்ததற்குக் காரணம் இதுவே.

அச்சகங்களிலும் நிலைமை எளிதாக இல்லை. ஈய எழுத்துகளைக் கோப்பவருக்கு ஒரு பின்னம் என்பது மூன்று அடுக்கு வேலை. உலகெங்கும் கணித நூல் அச்சிடுதல் செலவு மிகுந்த தொழிலாகவே இருந்தது. 1970களில் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் பிரையன் கெர்னிகன், லொரிண்டா செர்ரி ஆகிய இருவரும் ‘ஈக்யூஎன்’ என்னும் மென்பொருளை உருவாக்கினர். கோவையை வாய்விட்டுப் படிப்பது போலவே அதில் தட்டச்சு செய்ய வேண்டும். ‘ஏ ஓவர் பி’ என எழுதினால் அது பின்னமாக அச்சாகும். 1977இல் கணிப்பொறியியல் பேராசிரியர் டொனால்ட் நூத், தம் நூலின் இரண்டாம் பதிப்புக்கான அச்சுப்படியைக் கண்டு மனம் வருந்தினார். அதன் விளைவாகத் தாமே ‘டெக்’ என்னும் அச்சமைப்பு மென்பொருளை உருவாக்கினார். இன்றும் கணித ஆய்விதழ்கள் பெரும்பாலும் அதன் வழிவந்த முறையிலேயே அச்சாகின்றன. ஆனால், பள்ளி ஆசிரியரின் மேசையை முதலில் எட்டியது இவற்றில் எதுவும் அன்று.

வேர்டுக்குள் வந்த விருந்தாளி

கலிபோர்னியாவைச் சேர்ந்த டிசைன் சயின்ஸ் என்னும் நிறுவனம் 1980களின் பிற்பகுதியில் ‘மேத்டைப்’ என்ற சமன்பாட்டு மென்பொருளை வெளியிட்டது. அதன் சுருங்கிய வடிவத்தை மைக்ரோசாப்ட் நிறுவனம் உரிமம் பெற்று, ‘ஈக்வேஷன் எடிட்டர்’ என்ற பெயரில் தன் வேர்டு சொற்செயலியுடன் சேர்த்து வழங்கியது. இதனை நாம் சமன்பாட்டுத் தொகுப்பான் எனலாம். வேர்டு 97 முதல் வேர்டு 2003 வரையிலான பதிப்புகளைப் பயன்படுத்தியவர்கள் நன்கறிந்தது அதன் 3.0 பதிப்பு.

அதன் பயன்பாடு எளியது. ‘இன்செர்ட்’ பட்டியலில் ‘ஆப்ஜெக்ட்’ என்பதைத் தேர்ந்து, வரும் பெயர்களுள் ‘மைக்ரோசாப்ட் ஈக்வேஷன் 3.0’ என்பதைச் சொடுக்கினால், பக்கத்தில் ஒரு சிறு பெட்டி தோன்றும். மேலே இரண்டு வரிசைப் பொத்தான்கள் விரியும். மேல்வரிசையில் குறியீடுகள் உள்ளன. கீழ்வரிசையில் வார்ப்புகள் உள்ளன. வார்ப்பு என்பது வெற்றிடங்களைக் கொண்ட ஒரு வடிவம். பின்ன வார்ப்பில் மேலொரு வெற்றிடமும் கீழொரு வெற்றிடமும் இருக்கும். வெற்றிடத்துக்குள் இன்னொரு வார்ப்பையும் வைக்கலாம். பின்னத்துக்குள் வர்க்கமூலம், அதற்குள் அடுக்கு என எத்தகைய கோவையையும் இவ்வாறு கட்டியெழுப்ப இயலும். ஒரு வெற்றிடத்திலிருந்து அடுத்ததற்குச் செல்ல ‘டேப்’ விசை உதவும்.

கை பழகியவர்கள் பொத்தான்களைத் தொடுவதில்லை. ‘கண்ட்ரோல்’ விசையுடன் எஃப் சேர்ந்தால் பின்னம். ஆர் சேர்ந்தால் மூலம். எச் சேர்ந்தால் மேலெழுத்து. எல் சேர்ந்தால் கீழெழுத்து. புதிதாகக் கற்பவர் திகைக்கும் இடம் ஒன்றுண்டு. கோவைக்குள் இடைவெளி விசையை எத்துணை முறை தட்டினாலும் இடைவெளி விழாது. கணிதக் குறிகளுக்கிடையே எவ்வளவு இடம் விட வேண்டும் என்பதை மென்பொருளே முடிவு செய்வதால், அவ்வுரிமையை அது தட்டச்சாளரிடம் விடவில்லை. மாறிகளைக் குறிக்கும் எழுத்துகள் தாமாகவே சாய்ந்து நிற்கும். சைன், காஸ், லாக் போன்ற சார்பின் பெயர்கள் நிமிர்ந்து நிற்கும். அச்சுக்கலையில் தேர்ந்தவரின் அறிவு அச்சிறு பெட்டிக்குள் பொதிந்திருந்தது.

எக்ஸ் என்பது ‘ஒ’ ஆன கதை

தமிழ்வழிக் கணிதத்திற்கு இப்பெட்டி வேறொரு காரணத்தாலும் இன்றியமையாததாயிற்று. ஒருங்குறியில் 1991ஆம் ஆண்டின் முதற்பதிப்பிலேயே தமிழ் இடம்பெற்றிருந்தும், நம் மேசைக் கணிப்பொறிகளில் அது நிலைபெற நெடுங்காலம் ஆயிற்று. அதுவரை ஒவ்வோர் எழுத்துருவும் தனக்கெனத் தனிக் குறியாக்கம் கொண்டிருந்தது. அவற்றுள் பரவலாகப் புழங்கிய ‘பாமினி’ போன்ற எழுத்துருக்களில் ஆங்கில எழுத்துகளின் இடங்களிலேயே தமிழ் வடிவங்கள் வரையப்பட்டிருந்தன. ‘தமிழ்’ என்று திரையில் தோன்றும் சொல், கணிப்பொறியின் நினைவகத்தில் ஜே, கே, பி, ஓ, அரைப்புள்ளி என்னும் ஐந்து குறிகளாகவே பதிவாகும். தமிழ் என்பது அங்கு ஆங்கில எழுத்துகளுக்குப் போர்த்திய ஆடை மட்டுமே.

இப்போது ஒரு கணித ஆசிரியர் ‘எக்ஸ் கூட்டல் ஒய்’ என்ற கோவையைக் குறியீடுகளால் தட்டச்சு செய்கிறார் எனக் கொள்வோம். பின்னர்ப் பத்தி முழுவதையும் தேர்ந்து பாமினி எழுத்துருவுக்கு மாற்றுகிறார். பாமினியில் எக்ஸ் எழுத்தின் இடத்தில் இருப்பது ‘ஒ’. ஒய் எழுத்தின் இடத்தில் ‘ல’.  ஆக, கோவை இருந்த இடத்தில் பொருளற்ற ஒரு புதுச்சொல் பூத்திருக்கும்! சிரிப்புக்குரிய செய்தியாகத் தோன்றினும், நூறு வினாக்களுக்கு நடுவே இதைக் கண்டறிந்து நீக்குவது சிரிப்பான வேலையன்று.

இதற்கு ஆசிரியர்கள் கண்ட தீர்வே சமன்பாட்டுப் பெட்டி. பெட்டிக்குள் உள்ள எழுத்துகள், வெளியே உள்ள பத்தியின் எழுத்துருவுக்குக் கட்டுப்படுவதில்லை. பத்தியைப் பாமினிக்கு மாற்றினாலும் பெட்டிக்குள் இருக்கும் எக்ஸ், எக்ஸாகவே இருக்கும். ஆதலால், பெரிய கோவைகளை மட்டுமன்றித் தனித்த ஒரே ஒரு மாறியையும் பெட்டிக்குள் வைத்து எழுதும் வழக்கம் உண்டாயிற்று. ஒரு வினாத்தாளில் நூற்றுக்கும் மேற்பட்ட பெட்டிகள் இருத்தல் இயல்பே. பழைய கணிப்பொறி அக்கோப்பைத் திறப்பதற்குள் ஒரு தேநீர் அருந்திவிடலாம். எனினும், இவ்வழக்கத்தின் முழுப்பயன் பின்னாளில்தான் தெரியவந்தது; அதனைப் பின்னர்க் காண்போம்.

தெரிந்து தெளிவோம்

1999இல் சென்னையில் நடைபெற்ற தமிழ்நெட் 99 மாநாட்டைத் தொடர்ந்து, தமிழ்நாடு அரசு ‘டாம்’, ‘டாப்’ என்னும் இரு குறியாக்கங்களையும் தமிழ்99 விசைப்பலகையையும் தரப்படுத்தியது. டாப் குறியாக்கத்தில் ஆங்கில எழுத்துகள் தம் இடங்களிலேயே இருக்க, தமிழ் வடிவங்கள் வேறு இடங்களில் அமைந்தன. எனவே, அதில் ஆங்கிலமும் தமிழும் ஒரே எழுத்துருவில் கலந்து நிற்க இயன்றது. 2010இல் ஒருங்குறியையும் ‘டேஸ்16’ குறியாக்கத்தையும் அரசு தரமாக ஏற்றது.

மலைமீது நிலைத்த மென்பொருள்

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்கு ஏறும் சாலையில் இருபது கொண்டை ஊசி வளைவுகள் உள்ளன. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1500 மீட்டர் உயரத்தில், காப்பித் தோட்டங்களுக்கும் மிளகுக்கொடி படர்ந்த சில்வர் ஓக் மரங்களுக்கும் நடுவே உள்ளது இவ்வூர். 1917இல் நிறுவப்பட்ட மான்ட்போர்ட் பள்ளி போன்ற புகழ்பெற்ற உறைவிடப் பள்ளிகளும் இங்குள்ளன; மலைக்கிராமத்துப் பிள்ளைகள் பயிலும் தமிழ்வழி அரசுப் பள்ளிகளும் உள்ளன. நம் கட்டுரைக்கு உரியவை பின்னவை.

இத்தகைய மலைப்பள்ளிக் கணித ஆசிரியர், தம் மாணவர் அறிந்த உலகிலிருந்தே வினாக்களை அமைக்க விரும்புவார். உயரம் 1000 மீட்டர் கூடும்போது வெப்பநிலை ஏறத்தாழ 6.5 பாகை குறைகிறது. அடிவாரத்தில் 34 பாகை எனில் 1200 மீட்டர் மேலே எவ்வளவு? விடை 26.2 பாகை. மலைச்சாலையின் சராசரிச் சரிவு, காப்பிச் செடிகளை நடும் வரிசைகளின் கூட்டுத்தொடர், இம்மலையில் கிடைக்கும் பாக்சைட் தாதுவின் வேதிவாய்பாடு என எதனை எடுத்தாலும், அங்கொரு பின்னமோ மேலெழுத்தோ கீழெழுத்தோ வந்துவிடும். இவ்வினாக்கள் எந்த வினா வங்கியிலும் விலைக்குக் கிடைப்பவை அல்ல. ஓர் ஆசிரியர் பல ஆண்டுகளாகச் சேர்த்துவைத்த கோப்புகளே அவற்றின் ஒரே உறைவிடம்.

சமவெளியில் கைவிடப்பட்ட மென்பொருள் மலைமீது நீண்டகாலம் நிலைத்திருப்பதற்குக் காரணங்கள் பல. இணைய இணைப்பு வலுவற்ற இடத்தில் புதுப்பிப்புகள் வந்துசேர்வதில்லை. இடிமின்னல் காலத்தில் கணிப்பொறியின் மின்செருகியைப் பிடுங்கிவைப்பதே பாதுகாப்பு. மூடுபனியின் ஈரம் நெகிழ்வட்டுகளையும் குறுந்தகடுகளையும் மெல்ல அரிக்கிறது. ஓடுகின்ற ஒன்றை ஏன் மாற்ற வேண்டும் என்னும் எண்ணமும் இயல்பானதே. அதனைச் சோம்பல் என்று நான் கருதவில்லை.

இடர் நேர்வது கோப்பு மலையிறங்கும்போதுதான். வினாத்தாளை அச்சிடச் சேலத்துக்குக் கொண்டுசெல்வர். கோப்பு சென்றுவிடும், எழுத்துரு உடன்செல்லாது. அச்சகக் கணிப்பொறியில் அதே எழுத்துரு இல்லையெனில், போர்த்திய ஆடை நழுவி உள்ளிருக்கும் ஆங்கில எழுத்துகள் வெளிப்படும். சமன்பாடுகளிலும் சில குறிகள் வெறும் கட்டங்களாகத் தெரியலாம். ‘சிம்பல்’, ‘எம்டி எக்ஸ்ட்ரா’ ஆகிய இரு எழுத்துருக்களே இப்பெட்டியின் குறிகளுக்கு அடிப்படை. அவையும் அங்கு இருத்தல் வேண்டும். மற்றொரு சிக்கல் வரி இடைவெளி பற்றியது. பக்கத்தை மிச்சப்படுத்த வரியின் உயரத்தை ஒரே அளவாக நிலைப்படுத்திவிட்டால், பெட்டியின் தலை வெட்டுண்டு, பின்னத்தின் தொகுதி காணாமற்போகும். இவற்றை அறிந்த ஆசிரியர்கள் எழுத்துருக்களையும் கோப்புடன் எடுத்துச் சென்றனர். அச்சிடுமுன் திரையில் ஒருமுறை பார்த்தனர்.

பெட்டியின் உள்ளே

பெட்டிக்குள் இருப்பது ஒன்றன்று, இரண்டு. முதலாவது, சமன்பாட்டின் படம். பக்கத்தைப் பார்க்கும்போதும் அச்சிடும்போதும் வெளிப்படுவது அதுவே. இரண்டாவது, அச்சமன்பாடு எவ்வாறு கட்டப்பட்டது என்னும் குறிப்பு: இங்கே பின்னம், அதன் மேலே இந்த எழுத்து, கீழே மூலம் என்றாற்போல. பெட்டியை இருமுறை சொடுக்கும்போது வேர்டு தானாக எதுவும் செய்வதில்லை. சமன்பாட்டுத் தொகுப்பான் என்னும் தனி நிரலை அழைத்து, அக்குறிப்பை அதன் கையில் கொடுக்கிறது. திருத்தி முடித்ததும் அந்நிரல் புதிய படத்தையும் புதிய குறிப்பையும் திருப்பித் தருகிறது. வேர்டைப் பொறுத்தவரை சமன்பாடு என்பது தனக்குப் புரியாத மொழியில் எழுதி உறையிட்ட மடல். படிக்கத் தெரிந்தவரை அழைப்பதே அதன் பணி.

2007ஆம் ஆண்டுப் பதிப்பில் இந்நிலை மாறியது. வேர்டு தனக்கெனச் சொந்தமான சமன்பாட்டு வசதியைப் பெற்றது. புதிய சமன்பாடு பெட்டியன்று. ஆவணத்தின் உரையோடு உரையாகவே அது பதிவாகிறது. ஆனால், அக்கோப்பைப் பழைய வேர்டு 2003க்குரிய வடிவில் சேமித்தால், சமன்பாடுகள் படங்களாக மாறிவிடும். பழைய கணிப்பொறியில் அவற்றைப் பார்க்கலாம், திருத்த இயலாது. ஒரே பள்ளியில் பழைய கணிப்பொறியும் புதிய மடிக்கணிப்பொறியும் அருகருகே இருந்த ஆண்டுகளில் இது பெருங்குழப்பம் தந்தது. பலர் பழைய தொகுப்பானையே தொடர்ந்து பயன்படுத்தினர். மைக்ரோசாப்ட் நிறுவனமும் அதனை நீக்காமல் புதிய பதிப்புகளுடன் சேர்த்தே அனுப்பி வந்தது.

மூடப்பட்ட கதவு

2017 நவம்பரில் பாதுகாப்பு ஆய்வாளர்கள் ஒரு செய்தியை வெளியிட்டனர். சமன்பாட்டுத் தொகுப்பானின் நிரற்கோப்பு 2000ஆம் ஆண்டில் உருவாக்கப்பட்டது. பதினேழு ஆண்டுகளாக ஏறத்தாழ மாற்றமின்றிப் பயன்பட்டு வருகிறது. அதில் ஒரு பெருந்துளை உள்ளது என்பதே அச்செய்தி.

அத்துளையின் தன்மையை ஒரு பதிவேட்டைக் கொண்டு விளக்கலாம். பதிவேட்டில் பெயர் எழுதக் குறுகிய கட்டம் ஒன்று உள்ளது. அதற்கடுத்த கட்டத்தில் ‘அடுத்துச் செய்ய வேண்டியது’ எனத் தலைமையாசிரியர் ஆணை எழுதுவார். ஒருவர் மிக நீண்ட பெயரை எழுதி, அது முதற்கட்டத்தைத் தாண்டி ஆணைக் கட்டத்திலும் வழிகிறது. அலுவலரோ வழிந்த எழுத்துகளையும் ஆணையென்றே கருதி அதன்படி நடக்கிறார். சமன்பாட்டுக் குறிப்புக்குள் எழுத்துருவின் பெயரை எழுதும் இடம் ஒன்றுண்டு. அப்பெயர் எவ்வளவு நீளம் இருக்கலாம் என்பதைப் பழைய நிரல் சரிபார்க்கவில்லை. தீய நோக்குடையோர் அங்கே நீண்ட பெயராகத் தம் கட்டளையை எழுதி வைக்க இயன்றது. அத்தகைய ஆவணத்தைத் திறந்த கணிப்பொறி அக்கட்டளைக்குக் கீழ்ப்படிந்தது. பிற்காலத்து நிரல்களில் சேர்க்கப்பட்ட தற்காப்பு ஏற்பாடுகள், தனித்து இயங்கிய இந்தப் பழைய நிரலில் இல்லை.

அத்துளை அந்த நவம்பரிலேயே அடைக்கப்பட்டது. எனினும் மேலும் துளைகள் வெளிப்பட்டன. 2018 ஜனவரியில் வெளியான புதுப்பிப்பு, சமன்பாட்டுத் தொகுப்பானையே கணிப்பொறிகளிலிருந்து நீக்கிவிட்டது. அன்றுமுதல் பழைய சமன்பாடுகள் திரையில் தெரிகின்றன, அச்சிலும் வருகின்றன, இருமுறை சொடுக்கினால் மட்டும் திறப்பதில்லை. உறையிட்ட மடல்கள் அப்படியே உள்ளன. படித்துச் சொல்பவர் இல்லை. கடந்த ஆண்டு வினாவில் 3 என்பதை 5 என மாற்றி இவ்வாண்டுக்குப் பயன்படுத்த எண்ணும் ஆசிரியர், முழுக்கோவையையும் மீண்டும் எழுத வேண்டியதாயிற்று.

நீக்கியது சரியே என்பது என் கருத்து. புதுப்பிப்பு எட்டாத கணிப்பொறிகளில் பழைய தொகுப்பான் இன்றும் இயங்கக்கூடும். இணையம் இல்லாததால் அங்குத் தீங்கு நேராது எனக் கருதுவது தவறு. பேனாச் செருகியில் வரும் ஒரே ஓர் ஆவணம் போதும். ஆயினும், வழங்கியவர் ஒருவர் திரும்பப் பெற்றதும் பல்லாயிரம் ஆசிரியர்களின் உழைப்பு பூட்டப்பட்டது என்பதையும் மறுப்பதற்கில்லை.

மீட்கும் வழிகள்

பூட்டைத் திறக்கும் வழிகள் உண்டு. மேத்டைப் மென்பொருள் இப்பழைய குறிப்புகளைப் படிக்கவல்லது, அது விலைக்குரியது. அண்மைக்கால மைக்ரோசாப்ட் 365 வேர்டில், பழைய சமன்பாட்டை இருமுறை சொடுக்கினால் அதனைப் புதிய வடிவுக்கு மாற்றித் தரும் வசதி உள்ளது. கட்டணமின்றிக் கிடைக்கும் லிப்ரே ஆபீஸ் மென்பொருளும் இப்பணியைச் செய்யும். அதன் அமைப்புகளில், மேத்டைப் சமன்பாடுகளை லிப்ரே ஆபீஸ் மேத் வடிவுக்கு மாற்றுக என்னும் தேர்வு இயக்கத்தில் இருத்தல் வேண்டும். நம் மாநில மேல்நிலைக் கணிப்பொறி அறிவியல் பாடநூலில் முன்பு இடம்பெற்றிருந்த ஸ்டார் ஆபீஸின் வழித்தோன்றலே இது. இதில் பின்னத்தை எழுதப் பயன்படும் சொல்லும் ‘ஓவர்’ என்பதே. பெல் ஆய்வகத்தில் தோன்றிய முறையின் எதிரொலி இங்கும் கேட்கிறது.

தமிழ் உரையைப் பாமினியிலிருந்து ஒருங்குறிக்கு மாற்ற மாற்றி நிரல்கள் பல உள்ளன. முன்னர்க் கூறிய வழக்கத்தின் பயன் இங்குத்தான் வெளிப்படுகிறது. மாற்றி நிரலுக்குத் தமிழும் ஆங்கிலமும் ஒன்றே. பெட்டிக்கு வெளியே வெறுமனே தட்டச்சு செய்யப்பட்ட எக்ஸ், மாற்றியபின் உண்மையிலேயே ‘ஒ’ ஆகிவிடும். அதன்பின் எழுத்துருவை மாற்றியும் பயனில்லை. பெட்டிக்குள் வைக்கப்பட்ட எக்ஸுக்கோ எத்தீங்கும் இல்லை. ஒற்றை மாறிக்கும் பெட்டி கட்டிய பொறுமைசாலிகளின் கோப்புகளே இன்று எளிதில் மீள்கின்றன.

மாற்றும் வரிசையும் கருதத்தக்கது. மூலக்கோப்பைத் தொடாமல் படியெடுத்து, அப்படியிலேயே பணிபுரிய வேண்டும். உரையை மட்டும் வெட்டி இணைய மாற்றியில் ஒட்டினால் பெட்டிகள் விடுபட்டுவிடும். ஆதலின் பத்தி பத்தியாக மாற்றி, பெட்டிகளை அதனதன் இடத்தில் நிறுத்துதல் நன்று. முடிந்ததும் பழைய அச்சுப்படியை அருகில் வைத்து ஒப்பிட வேண்டும். கழித்தல் குறி, வகுத்தல் கோடு, அணிக்கோவையின் இருபுறக் கோடுகள், தொகையீட்டின் எல்லைகள் ஆகிய இடங்களில் கண் நிற்க வேண்டும். சிம்பல் எழுத்துருவிலிருந்து வரும் கழித்தல் குறி சில வேளைகளில் வெற்றுக் கட்டமாகவோ, முற்றும் மறைந்தோ போகிறது. கழித்தல் மறைந்த சமன்பாடு பார்வைக்குப் பிழையற்றதாகவே தோன்றும். இத்தகைய ஒப்பீட்டுக்குக் கணிப்பொறி அறிந்தவரைவிட அவ்வினாவுக்கு விடை காணத் தெரிந்தவரே ஏற்றவர். பதினோராம் வகுப்பு மாணவர் இருவர், ஒருவர் படிக்க மற்றவர் சரிபார்க்க அமர்ந்தால், ஒரு வினாத்தாளை ஒரு பாடவேளையில் முடித்துவிடலாம்.